சொல்லாது விட்ட சொல்

காற்றுக்குப் பெயரிடுவதிற் தமிழர் குறை வைத்தாரல்லர். தெற்கிலிருந்து வருவது தென்றல். வடக்கிலிருந்து வருவது வாடை. மேற்கிலிருந்து வருவது கோடை. கிழக்கிலிருந்து வருவது கொண்டல். அழிவு செய்யுங் காற்றைச் சூறை என்றும் சூறாவளி என்றும் வழங்கினர். எனினும், கடலிற் பிறந்து பன்னூறு மைல் பரந்து நாட்கணக்கில் உலவும் புயலையும், இடிமுகிலின் அடியிலிருந்து இறங்கிச் சில நிமிடங்களில் ஓர் ஊரைத் துடைத்துச் செல்லும் சுழலையும் சூறாவளி என்னும் ஒரே சொல்லாற் சுட்டும் வழக்கம் நம்மிடையே இன்றும் உண்டு. 1978ஆம் ஆண்டு நவம்பரில் மட்டக்களப்பைப் பாழாக்கியது முன்னைய வகை. பின்னையதை ஆங்கிலத்தில் டொர்னேடோ என்பர். இடிமழையைக் குறித்த ஸ்பானியச் சொல்லொன்று, திரும்புதல் என்னும் பொருளுடைய பிறிதொரு சொல்லின் சாயலை ஏற்று இவ்வுருப் பெற்றது என்பது சொற்பிறப்பு ஆராய்வோர் கூற்று. ஈண்டு அதனைச் சுழல்வளி என்றே வழங்குவோம்.

பெயராராய்ச்சி பண்டிதர்களின் பொழுதுபோக்கு என நகைப்பாரும் உளர். ஒரு பெயரை உரைக்கலாகாது என அரசொன்று விலக்கி வைத்திருந்த காலத்தில், எச்சரிக்கை என்பதையே அறியாது நூற்றுக்கணக்கானோர் மாண்ட வரலாற்றை அன்னோர் கேட்பது நன்று.

1925 மார்ச் 18, புதன்கிழமை. அமெரிக்க ஐக்கிய நாடுகளின் நடுப்பகுதி மக்களுக்கு அன்று வானிலைப் பணியகம் அறிவித்தது மழையும் திசைமாறி வீசும் பலத்த காற்றுமே. பிற்பகல் ஒரு மணியளவில் மிசூரி மாநிலத்தில் எலிங்டன் என்னும் ஊரருகே நிலந்தொட்ட சுழல்வளி, இல்லினோய் மாநிலத்தைக் குறுக்கறுத்து, இந்தியானாவுட் புகுந்து, மூன்றரை மணி நேரத்தின் பின் ஓய்ந்தது. அது கடந்த தொலைவு 219 மைல். மணிக்கு அறுபது மைலுக்குக் குறையாத சராசரி வேகத்தில் அது விரைந்தது. குதிரையில் ஏறியவனும் அதற்குத் தப்பியோட இயலாது. மாண்டோர் 695 பேர். அவர்களுள் 234 பேர் மேர்பிஸ்பரோ என்னும் ஒரே நகரத்தார்.

சுழல்வளி என்றவுடன் யானைத் துதிக்கை போல் வானிலிருந்து தொங்கும் கூம்பையே யாவரும் எண்ணுவர். அன்று வந்ததோ பலருக்கு அவ்வாறு தோன்றவில்லை. நிலத்தோடு நிலமாக உருண்டு வரும் கருமுகிற் கூட்டமாகவும் புழுதிப் படலமாகவுமே கண்டனர். இன்னது வருகின்றது என அறிவதற்கு முன்னரே அது வந்துவிட்டது. டீசோட்டோ என்னும் சிற்றூரிற் பாடசாலை இடிந்து 33 பிள்ளைகள் மடிந்தனர். அந்நாட்டிற் சுழல்வளியால் ஒரே பாடசாலையில் இத்தனை பிள்ளைகள் இறந்தது வேறெங்கும் இல்லை. வகுப்பறையிற் காலங் கழிப்போர்க்கு இவ்வோர் எண்ணைக் கடந்து அப்பாற் செல்வது எளிதன்று.

வெஸ்ட் பிராங்க்போர்ட் நிலக்கரி அகழும் ஊர். ஆடவர் நூற்றுக்கணக்கில் நிலத்தின் கீழே வேலையில் இருந்தனர். மின்விசை அறுந்தது. மேலே ஏதோ நேர்ந்தது என உணர்ந்து ஏறி வந்தோர், தத்தம் வீடிருந்த இடத்தைத் தேடவேண்டியவராயினர். ஆழத்தில் நின்றோர் பிழைத்தனர். வெயிலிலும் காற்றிலும் பாதுகாப்பாக இருப்பதாக அவர்கள் எண்ணியிருந்த மனைவியரும் மக்களுமே அவ்வூரில் மாண்டோருட் பெரும்பாலார். நாள்தோறும் உயிரைப் பணயம் வைத்துச் சுரங்கத்துள் இறங்கியவர் எவர், வாயிலில் நின்று வழியனுப்பியவர் எவர் என்பதை நினைக்குங்கால், ஊழ் கணக்கை மாற்றி எழுதியதோ எனத் தோன்றும்.

இனி, விலக்கப்பட்ட சொல்லுக்கு வருவோம். 1884இல் இராணுவச் சமிக்ஞைப் படையைச் சேர்ந்த ஜோன் பின்லி என்பார் சுழல்வளிகளை முன்னறிந்து கூறும் முயற்சியைத் தொடங்கினார். ஆனால் அந்தத் தசாப்தம் முடியுமுன்னரே, டொர்னேடோ என்னும் சொல்லை அறிக்கைகளில் ஆளலாகாது என மேலதிகாரிகள் நிறுத்திவிட்டனர். அச்சொல்லைக் கேட்ட மாத்திரத்தே மக்கள் வெருண்டு ஓடுவர். அவ்வெருட்சியால் வரும் கேடு காற்றால் வரும் கேட்டினும் பெரிதாகும் என்பது அவர் தம் வாதம். 1925இன் அறிவைக் கொண்டு அன்றைய சுழலை முன்னுரைத்திருத்தல் கூடுமோ எனின், கூடாதென்றே பலர் விடையிறுப்பர். அதனை மறுப்பதற்கில்லை. ஆயினும் ஒன்றைச் சொல்லவே கூடாது என்று விதித்தபின், அதனை அறிவதற்கு முயல்பவர் யார்? நாவைக் கட்டியவர்கள் அறிவையும் உடன் கட்டினர் என்பதே எமது துணிபு.

தடை 1938இல் தளர்ந்தது. முயற்சி உடனே பிறக்கவில்லை. 1948 மார்ச் 20 இரவு ஒக்லகோமாவிலுள்ள டிங்கர் விமானப்படைத் தளத்தைச் சுழல்வளி தாக்கி விமானங்களை நொறுக்கிற்று. பொபுஷ், மில்லர் என்னும் இரு வானிலை அதிகாரிகள் அன்றைய வானிலைப் படங்களை ஆராய்ந்தனர். மெக்சிக்கோ வளைகுடாவிலிருந்து வரும் வெம்மையும் ஈரமும் மிக்க காற்று கீழே. மேற்கிலிருந்து வரும் உலர்காற்று மேலே. உயரம் ஏற ஏறத் திசையும் வேகமும் மாறும் ஓட்டம். இவை ஒருங்கு கூடுமிடத்து இடிமுகில் தானே சுழலத் தொடங்கும். ஐந்து நாட்களின் பின், மார்ச் 25இல், அதே அமைதி மீண்டும் தோன்றியது. இருவரும் தயங்கித் தயங்கி அச்சொல்லை எழுதினர். விமானங்கள் ஒதுக்கப்பட்டன. அன்று மாலையே அத்தளத்தின் மீது மீண்டும் சுழல்வளி வந்தது! பொதுமக்களுக்கு இத்தகைய முன்னறிவிப்பு முறையாகக் கிட்டத் தொடங்கியது 1952இலேதான். முதலிற் காக்கப்பட்டவை விமானங்கள் என்பதை இங்கே குறித்து வைப்போம்.

வங்காளதேசத்து ஏழைக்கு அவ்வளவேனும் வாய்க்கவில்லை. 1989 ஏப்ரல் 26 மாலை, மாணிக்கஞ்ச் மாவட்டத்தின் தௌலத்பூர், சாட்டூரியா பகுதிகளில் வீசிய சுழல்வளி ஏறத்தாழ 1,300 உயிர்களைக் குடித்தது. உலகில் ஒரு சுழல்வளியால் விளைந்த இழப்புகளுள் இதுவே பெரிதென்பர். நெடிய வறட்சியால் நிலம் வெடித்து மக்கள் மழையை எதிர்நோக்கியிருந்த காலம் அது. மேகம் திரண்டதைக் கண்டு மகிழ்ந்தோரும் அவர்களுள் இருந்திருப்பர். அம்மாதத்து இடிபுயலைக் கால்பைசாகி என்று வங்காளிகள் வழங்குவர். அவர்களின் பைசாகம் நமது சித்திரையோடு ஒக்கும். நெருங்கிய குடியிருப்பு, தகரக் கூரை, நிலவறை இல்லாத குடிசை. சுழலிற் பறக்கும் தகரம் வாளினும் கொடியது. கடற்புயலுக்குக் கூண்டேற்றி எச்சரிக்கும் அந்நாட்டில், சுழல்வளியை முன்னறிந்து ஊருக்கு உரைக்கும் ஒழுங்கு அன்று இருக்கவில்லை.

சொல்லிவிட்டால் மட்டும் போதுமோ எனின், 2011 மே 22இல் மிசூரியின் ஜொப்லின் நகரில் நிகழ்ந்ததை நோக்குக. எச்சரிக்கை முன்கூட்டியே விடுக்கப்பட்டது, ஊதுகுழல்கள் ஒலித்தன. ஆயினும் அடிக்கடி அவற்றைக் கேட்டுப் பழகிய மக்களுட் பலர், வானத்தைப் பார்த்தும் அயலாரை வினவியும் இரண்டாவது உறுதிப்பாட்டிற்காகக் காத்து நின்றனர் என்று பின்னர் ஆய்வாளர் கண்டனர். காற்றால் நேரே மாண்டோர் 158 பேர். 1953இன் பின், அந்நாட்டில் ஒரே சுழல்வளி நூற்றுக்கு மேற்பட்டோரைப் பலிகொண்டது அதுவே முதன்முறை. எச்சரிக்கை விடுத்தால் மட்டும் போதாது என்று கண்ட வானிலைச் சேவையினர், மறு ஆண்டே மிசூரியிலும் கன்சாசிலும் எச்சரிக்கை வாசகங்களைத் திருத்தி எழுதினர். எவ்வகை வீடு இடியும், வெளியில் நிற்பவருக்கு என்ன நேரும் என்பவை இப்போது அவ்வாசகங்களில் ஒளிவின்றி உரைக்கப்படுகின்றன.