வளவுக் குப்பையும் மாலை நெருப்பும்

யாழ்ப்பாணத்து வீடுகளில் விடியற்காலையில் முற்றங் கூட்டுவது நெடுங்கால வழக்கம். கூட்டிய கஞ்சலை வளவின் ஒரு மூலையிற் குவித்து, பொழுது சாயும் வேளையில் நெருப்பு வைப்பதும் அவ்வழக்கத்தைச் சேர்ந்ததே. வேப்பிலையும் பூவரசஞ் சருகும் புகைந்தால் நுளம்பு அணுகாது என்பர் முதியோர். அன்றைய குவியலிற் கிடந்தவை பெரும்பாலும் இலை, ஈர்க்கு, ஓலைத்துண்டு, தும்பு ஆகியவையே. இன்று அதே மூலையில் எரிவன யாவை? கடைப் பை, பால்மா உறை, யோகட் கோப்பை, மருந்துக் குளிசை உறை, பிள்ளைகள் உடைத்தெறிந்த விளையாட்டுப் பொருள். இவற்றையும் நாம் கஞ்சல் என்றே அழைத்து, பழைய மனத்துடனேயே தீக்குச்சியைக் கிழிக்கின்றோம்.

சட்டம் இதனை அனுமதிக்கவில்லை. 1980ஆம் ஆண்டின் 47ஆம் இலக்கத் தேசிய சுற்றாடற் சட்டத்தின் கீழ், 2017 செப்டெம்பர் 1ஆந் திகதி வெளியான வர்த்தமானிக் கட்டளையொன்று, குப்பைகளையும் பிளாஸ்ரிக் உள்ளிட்ட எரியத்தக்க பொருட்களையும் திறந்த வெளியில் எரிப்பதைத் தடைசெய்தது. சோற்றுப் பொதி சுற்றும் பொலித்தீன் தாளுக்குத் தடை வந்த அதே வேளையில் வந்தது இது. அந்தத் தடை பலருக்கு நினைவிருக்கின்றது. இதனை நினைவிற் கொண்டோரைக் காண்பது அரிது. "என் வளவு, என் குப்பை" என்று சொல்வாரும் உளர். ஆயின் சோளகக் காற்றில் எழும் புகை எல்லைக்கல்லைப் பார்த்து நிற்பதில்லை. அடுத்த வீட்டில் தொய்வினால் மூச்சு வாங்கும் முதியவரின் படுக்கை வரை செல்கின்றது.

கழிவெரிக்கும் ஆலைகளில் எரிவாயுவை 850 பாகை செல்சியசுக்குக் குறையாத வெப்பத்தில் வைத்திருக்க வேண்டும் என்பது ஐரோப்பிய நாடுகளின் விதி. வளவு நெருப்பிலோ குப்பையின் பெரும்பகுதி குறைந்த வெப்பத்தில், போதிய காற்றின்றிக் கனன்று கிடக்கும். ஈரச் சருகும் சேர்ந்தால் சொல்ல வேண்டியதில்லை. அப்புகையிற் காபனோரொட்சைட்டும், நுரையீரலின் அடிவரை செல்லும் நுண்டுகள்களும் உள்ளன. பீ.வீ.சீ. குழாயோ மின்கம்பி உறையோ எரியுமாயின் டயொக்சின் என்னும் கொடிய நஞ்சும் உண்டாகும். அது புல்லிலும் மண்ணிலும் படிந்து, பசுவின் பாலிலும் கோழி முட்டையிலும் ஏறி, எரித்தவரின் பிள்ளைக்கே உணவாக வந்து சேரலாம்.

சாம்பலையும் மறத்தலாகாது. குடாநாட்டில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு இல்லை. சுண்ணக்கற் பாறையில் ஊறும் நீரே நமது கிணற்று நீர். மழை நிலத்தின் மேலிருந்து எதனைக் கரைக்கின்றதோ, அது கீழே செல்லத் தடை அதிகமில்லை. பற்றரியும் நிறப்பூச்சுப் பலகையும் எரிந்த சாம்பலைக் கிணற்றங்கரை வாழைக்கு இடுவோர் இதனை எண்ணிப் பார்ப்பாராக.

நெருப்பின் நேர் அபாயமும் சிறிதன்று. கோடையிற் காய்ந்த கிடுகு வேலிக்கு ஒரு பொறி போதும். மூடிய ஸ்பிறே டப்பா சூடேறினால் வெடிக்கும். நனைந்த குப்பையில் பெற்றோல் ஊற்றுவோரின் முகத்திற்கே தீ பாய்வதுண்டு. அத்தகைய தீக்காயத்தின் மேல் 20 நிமிடம் குளிர்ந்த நீரை ஓடவிடுக. பற்பசையும் மையும் பூசற்க. 1990 என்னும் இலக்கத்தை அழைத்தால் அம்புலன்ஸ் வரும்.

அவ்வாறாயின் சருகை என் செய்வது? இக்கேள்விக்கு நம் தோட்டக்காரர் முன்னரே விடை கண்டுள்ளனர். வேலி பிரித்த பழைய பனையோலையைப் புகையிலைத் தோட்டத்திற் புதைத்ததும், பூவரசங் குழை தாழ்த்ததும் அவர்களே. எருவை எரிப்பவன் எவன் என்று அவர்கள் சிரித்திருப்பர். சிறிய வளவாயின், நிழலில் மூன்றடிச் சதுரமாக ஓரிடத்தை அடைத்து, ஒரு படை சருகு, ஒரு படை மரக்கறித் தோல், மேலே சிறிது சாணம் என்று அடுக்குக. பிழிந்த துணியளவு ஈரம் இருந்தாற் போதும். இரு வாரத்திற்கொருமுறை கிளறினால், மூன்று நான்கு மாதங்களிற் கத்தரிக்கும் மிளகாய்க்கும் எரு ஆயத்தம். மீனும் இறைச்சியும் சேர்த்தால் நாய் கிளறும். உரிமட்டையைத் தென்னையடியிற் புதைத்தால் ஈரங் காக்கும். உக்காத பொருட்களை மட்டும் கழுவிக் காயவைத்துத் தனிச் சாக்கிலே கட்டி, மாநகர சபையோ பிரதேச சபையோ அனுப்பும் வண்டிக்குக் கொடுக்கலாம்.