முதுகுத்தண்டில் ஊசியா? எலும்பு மஜ்ஜைப் பரிசோதனை... பயமும் உண்மையும்!

தூத்துக்குடி உப்பளங்களில் வெயில் ஏறுவதற்குள் பாதி வேலையை முடித்தாக வேண்டும். அங்கே ஒருவருக்குத் தலை கிறுகிறுத்தால், `வெயில்தான் காரணம்' என்பார்கள். முகம் வெளுத்திருந்தால், ``யக்கா, உனக்கு ரத்தம் கம்மி. முருங்கைக்கீரை சாப்பிடு" என்று யோசனை வரும். பல நேரங்களில் அது சரியாகவும் இருக்கும்.

மாதக்கணக்கில் சத்து மாத்திரை சாப்பிட்டும் வெளுப்பு மாறவில்லை, ரத்தப் பரிசோதனைகளிலும் காரணம் பிடிபடவில்லை என்றால் என்ன செய்வது? அப்போதுதான் மருத்துவர் `போன் மேரோ பயாப்சி' என்று எழுதிக் கொடுக்கிறார். அந்தச் சீட்டைப் பார்த்ததும் குடும்பமே கலங்கிவிடுகிறது. ஒன்று, முதுகுத்தண்டில் ஊசி போடுவார்கள் என்ற பயம். இன்னொன்று, `அப்படியென்றால் புற்றுநோய்தான்' என்ற முடிவு. முதலாவது தவறு. இரண்டாவது அவசரம்.

ரத்தம் தயாராகும் இடம்

எலும்புக்குள் இருக்கும் மென்மையான திசுதான் மஜ்ஜை. சிவப்பணு, வெள்ளையணு, தட்டணு மூன்றும் அங்கேதான் உருவாகின்றன. சிவப்பணுக்கள் மட்டுமே ஒரு நாளைக்குச் சுமார் 20,000 கோடி. கையில் எடுக்கும் ரத்தத்தில் எண்ணிக்கை குறைந்திருப்பது தெரியும். ஏன் குறைந்தது என்பது சில நேரம் தெரியாது. முத்துக்குளித்துறைக்காரர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. சிப்பியை வெளியே பார்த்து உள்ளே முத்து இருக்கிறதா என்று யாராலும் சொல்ல முடியாது. திறந்துதான் பார்க்க வேண்டும்.

எப்படி எடுக்கிறார்கள்?

ஊசி போவது முதுகுத்தண்டில் அல்ல. இடுப்புக்குக் கீழே பின்பக்கம் புடைத்துக்கொண்டிருக்கும் இடுப்பெலும்பில். அங்கே தண்டுவடம் கிடையாது. நோயாளி ஒருக்களித்தோ குப்புறவோ படுத்திருக்க, அந்த இடத்தை மரத்துப்போகச் செய்கிறார்கள். முதலில் சில சொட்டு மஜ்ஜைத் திரவத்தை உறிஞ்சி எடுக்கிறார்கள். அந்தச் சில நொடிகள் `சுரீர்' என்று வலிக்கும். அதை மறைக்க வேண்டியதில்லை. பிறகு பென்சில் முனை போன்ற மெல்லிய எலும்புத்துண்டு ஒன்று. இதுதான் பயாப்சி. சுமார் அரை மணி நேரத்தில் எல்லாம் முடிந்துவிடும். பெரும்பாலானவர்கள் அன்றே வீடு திரும்பலாம். அந்த இடத்தை ஒரு நாள் ஈரம் படாமல் வைத்திருந்தால் போதும்.

இதற்கு இன்று பரவலாகப் பயன்படும் ஊசி, ஈரானில் பிறந்த மருத்துவர் ஜம்ஷிதியின் பெயரைத் தாங்கியது. எலும்புத்துண்டு நசுங்காமல் வெளியே வர வேண்டும் என்பதற்காக 1971-ல் அவர் அறிமுகப்படுத்தியது அது.

புற்றுநோய் மட்டும்தானா?

ரத்தப் புற்றுநோய், மைலோமா போன்றவற்றை இந்தப் பரிசோதனை உறுதி செய்யும். மஜ்ஜையே வற்றிப்போகும் ஏபிளாஸ்டிக் அனீமியாவும், மஜ்ஜைக்குள் ஒளிந்திருக்கும் காசநோயும் இதில் தெரியவரலாம். மூன்று வகை அணுக்களும் குறைந்து, ரத்தப் புற்றுநோயோ என்று பயமுறுத்தும் சிலருக்கு, கடைசியில் வைட்டமின் பி12 குறைபாடு மட்டுமே காரணமாக இருப்பதும் உண்டு. அவர்களுக்கு மருந்து, சில ஊசிகள்தான்.

எல்லா வெளுப்புக்கும் இரும்புச்சத்து மருந்தல்ல என்ற பாடத்தில் சென்னைக்கும் பங்கு உண்டு. பம்பாயில் நெசவாலைகளில் வேலை பார்த்த கர்ப்பிணிகளுக்கு வந்த கடுமையான ரத்தசோகையை ஆராய 1928-ல் இந்தியா வந்தார் ஆங்கிலேய மருத்துவர் லூசி வில்ஸ். 1931-ல் அவர் பணியாற்றிய இடம், இன்று திருவல்லிக்கேணி கஸ்தூரிபா காந்தி மருத்துவமனை. ஈஸ்ட் சாறு கொடுத்ததும் அந்தப் பெண்கள் தேறினார்கள். அதில் இருந்த சத்துதான் பிறகு ஃபோலிக் அமிலம் என்று பெயர் பெற்றது. இன்று கர்ப்பிணிகளுக்குக் கொடுக்கப்படும் அதே மாத்திரை!

கவனிக்க வேண்டியவை

* சாதாரண இரும்புச்சத்துக் குறைபாட்டுக்கு இந்தப் பரிசோதனை தேவையில்லை. முழு ரத்த அணு எண்ணிக்கை, ரத்தத்தை மைக்ரோஸ்கோப்பில் பார்க்கும் சோதனை, பி12 அளவு போன்றவையே முதல் படி.

* ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுபவர்கள் முன்கூட்டியே மருத்துவரிடம் சொல்ல வேண்டும். தாங்களாக நிறுத்தக் கூடாது.

* திரவத்தின் முடிவு ஓரிரு நாளில் வரலாம். எலும்புத்துண்டை முதலில் மென்மையாக்க வேண்டும் என்பதால் அதன் முடிவுக்குக் கூடுதல் நாள்கள் ஆகும். அந்தத் தாமதத்தைக் கெட்ட செய்தியாக நினைக்க வேண்டாம்.

* காரணமில்லாத காய்ச்சல், ஈறில் ரத்தக்கசிவு, தோலில் ஊதாப் புள்ளிகள் ஆகியவை வெளுப்போடு சேர்ந்து வந்தால் கீரையையும் பேரீச்சம்பழத்தையும் நம்பி நாள் கடத்தக் கூடாது.

ரத்தப் புற்றுநோயில் சில வகைகள் நாள் கணக்கில் முற்றக்கூடியவை. சீக்கிரம் கண்டுபிடித்தால் அவற்றுக்கும் சிகிச்சை இருக்கிறது. அதனால், அந்தச் சீட்டை அலமாரியில் வைத்துப் பூட்டிவிடுவதுதான் உண்மையான ஆபத்து. அரை மணி நேர வலிக்குப் பயந்து தள்ளிப்போடும் வாரங்களில், மாத்திரையில் தீரக்கூடியது முற்றலாம். உடனே சிகிச்சை தேவைப்படுவது கைமீறியும் போகலாம்.