வழக்கு முடிந்தது, தீர்ப்பு வரவில்லை

‘மனு பயனற்றுப் போனதால் முடித்து வைக்கப்படுகிறது.’ நீதிமன்ற உத்தரவில் இந்த வரியைப் படித்துவிட்டு, “நாம ஜெயிச்சோமா, தோத்தோமா?” என்று என்னிடம் கேட்கும் உழவர்கள் உண்டு. இரண்டும் இல்லை என்பதுதான் பதில்.

ஏரிக்கரைப் பனைகளை வெட்டக் கூடாது என்று மனு போடுகிறோம் என்று வையுங்கள். விசாரணைக்கு வருவதற்குள் மரங்களை வெட்டி லாரியில் ஏற்றியாச்சு. இனி எதைத் தடுப்பது? அல்லது, வெட்டச் சொன்ன அதிகாரியே உத்தரவைத் திரும்பப் பெற்றுவிட்டார். அப்போதும் மனுவுக்கு வேலை இல்லை. முதலாவதில் நமக்கு நட்டம், இரண்டாவதில் நிம்மதி. ஆனால் இரண்டு வழக்கும் அதே வரியில்தான் முடியும். கேட்ட கேள்விக்கு நீதிமன்றம் பதில் சொல்லியிருக்காது.

மூன்று வேளாண் சட்டங்களை நினைத்துப் பாருங்கள். 2020 செப்டம்பரில் நிறைவேறின. வேளாண்மையும் சந்தையும் மாநிலப் பட்டியலில் இருக்கும்போது ஒன்றிய அரசு இப்படிச் சட்டம் போடலாமா என்று உச்ச நீதிமன்றத்தில் மனுக்கள் குவிந்தன. திருச்சி சிவா எம்.பி.யும் மனு போட்டார். 2021 ஜனவரி 12 அன்று நீதிமன்றம் சட்டங்களை நிறுத்தி வைத்து, ஒரு குழுவையும் அமைத்தது. இறுதித் தீர்ப்பு வருமுன்பே, நவம்பர் 29 அன்று நாடாளுமன்றம் அவற்றை நீக்கிவிட்டது. டெல்லி எல்லையில் ஓராண்டு உட்கார்ந்த உழவர்கள் வென்றார்கள். ஆனால் அதிகாரம் யாருக்கு என்ற கேள்வி அப்படியே நிற்கிறது. நாளைக்கு அதே சட்டம் வேறு பெயரில் வந்தால், எடுத்துக் காட்ட அந்த வழக்கில் தீர்ப்பு இல்லை.

இன்னொன்றையும் கவனியுங்கள். நீக்கப்படும் வரை அந்தச் சட்டங்களைப் பிடித்து வைத்தது இடைக்காலத் தடைதான். அதனால் வழக்குக்குப் போகிறவர்கள் நான்கு விஷயங்களை வழக்கறிஞரிடம் பேசிக்கொள்ளுங்கள்.

முதலில், முதன்மை மனுவோடு சேர்த்தே இடைக்காலத் தடையும் கேளுங்கள். அவசரமாக விசாரிக்கவும் கோரச் சொல்லுங்கள்.

இரண்டாவது, ‘தடுத்து நிறுத்து’ என்பதோடு விடாதீர்கள். நடந்துவிட்டால் பழைய நிலைக்குக் கொண்டுவரவும், இழப்பீடு தரவும் சேர்த்துக் கேளுங்கள். விட்டுப்போயிருந்தால் மனுவைத் திருத்த அனுமதி கேட்கலாம்.

மூன்றாவது, எதிர்த்தரப்பு ‘உத்தரவைத் திரும்பப் பெற்றுவிட்டோம்’ என்று வாயால் சொன்னால் போதாது. அது தீர்ப்பாணையில் ஏற வேண்டும். மறுபடி அதே உத்தரவு வந்தால் மீண்டும் வழக்குத் தொடுக்கும் உரிமையையும் எழுதி வாங்குங்கள்.

நான்காவது, பிரச்சினை மறுபடி மறுபடி வரக்கூடியது என்றால், கேள்விக்குப் பதில் சொல்லும்படி நீதிமன்றத்தை வேண்டலாம். ஏற்பது நீதிபதியின் முடிவு. கேட்காவிட்டால் அந்த வாய்ப்பும் இல்லை.

இதெல்லாம் ஆன பிறகும் மனு பயனற்றுப் போகலாம். போனாலும் உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கி, தேதியிட்ட படங்களோடும் மனு ரசீதுகளோடும் பத்திரப்படுத்துங்கள். அடுத்து வழக்குப் போடும் உழவருக்கு அந்தக் கட்டுதான் விதை.