கைவழிப் பிறக்கும் மொழி

குறுந்தொகையின் 58-ஆம் பாடலில் வெள்ளிவீதியார் ஓர் உவமையை அமைத்துள்ளார். வெயில் காயும் பாறையில் வெண்ணெய் உருகுகிறது. கையில்லாத ஊமன் ஒருவன் அதனைக் கண்ணால் மட்டும் காத்திருக்கிறான். ஊமன் என்றதனோடு அமையாது, அவனுக்குக் கையும் இல்லை என்று புலவர் கூறியது ஏன்? கையிருப்பின் வெண்ணெயை எடுத்து நிழலில் வைத்திருப்பான் என்பது வெளிப்படை. அருகில் உள்ளாரைக் கையால் அழைத்து உணர்த்தியிருப்பான் என்பதும் அதனுள் அடங்கும். பேச்சிழந்தானுக்குக் கையே வாய் என்பதைப் புலவர் அறிந்திருந்தார் என யாம் கருதுகிறோம்.

இலக்கண நூலாரோ மொழியை ஒலியின்மேல் நிறுத்தினர். நன்னூலார்க்கு எழுத்தென்பது ஒலியே. தொல்காப்பியர் பிறப்பியலில் நெஞ்சு, மிடறு, தலை, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் என எட்டிடம் வகுத்தார். அவற்றுள் கைக்கு இடமில்லை. அடியார்க்கு நல்லார் விரித்துரைக்கும் பிண்டிக்கை, பிணையற்கை ஆகியன கூத்தர் பயின்று காட்டும் அரங்க மரபேயன்றி, தாய்மடியில் குழவி கற்கும் மொழி அல்ல. இவ்விரண்டையும் ஒன்றாகக் கருதுவோர் இன்றும் உளர்.

ஏட்டில் ஏறாத வழக்கும் மொழியே என்பதை உலகிற்கு உணர்த்திய இடங்களுள் நீலமலை ஒன்று. கால்டுவெல் தோடர், கோத்தர் மொழிகளைத் திராவிடக் குடும்பத்துள் சேர்த்தாரெனினும் திருந்தா மொழிகள் என்னும் பகுப்பிலேயே வைத்தார். 1935 முதல் மூன்றாண்டுகள் இந்தியாவில் தங்கி இம்மொழிகளைச் செவிவழிக் கேட்டெழுதிய எமனோ, அவற்றின் ஒலியமைப்பும் சொல்லமைப்பும் எவ்வளவு செறிந்தவை எனக் காட்டினார். தோடர் மொழியில் ரகர இனத்து ஆடொலிகள் மூன்று இடங்களிற் பிறக்கின்றன. தமிழ்ச் செவிக்கே அவற்றைப் பிரித்தறிதல் அரிது. எழுத்து வடிவம் இன்மை மொழித் தன்மைக்குக் குறையன்று என்பது அங்ஙனம் தெளிவாயிற்று. ஒலியே இல்லாத வழி மொழி உண்டோ என்பது அடுத்து எழும் வினா.

இதற்கு 1960-இல் விடை கூறியவர் வாசிங்டன் காலடெட் கல்லூரியில் ஆங்கிலம் கற்பித்த வில்லியம் சுடோக்கி. அமெரிக்கச் செவிப்புலனற்றோரின் குறிகளை அவர் கைவடிவு, இடம், இயக்கம் எனக் கூறுபடுத்தினார். வளைத்த சுட்டுவிரலை நெற்றிக்கு முன் இழுப்பின் கோடை; மூக்கின்முன் இழுப்பின் அழகின்மை; மோவாயில் இழுப்பின் வறட்சி. கைவடிவும் இயக்கமும் ஒன்றே. இடம் வேறுபடப் பொருள் வேறுபட்டது. 'கல்', 'பல்' என்பவற்றில் முதலொலி பிறக்கும் இடம் வேறுபடப் பொருள் வேறுபடுவதும் இத்தகையதே. பிறப்பியலின் அடிப்படைக் கருத்து இங்குப் பிறழவில்லை, உறுப்புகளே மாறின.

இந்தியக் குறிமொழியைப் பற்றிய முறையான ஆய்வு 1977-க்குப் பின் தொடங்கியது. மதன் வசிட்டர், உட்வர்டு, வில்சன் ஆகியோர் தில்லி, கல்கத்தா, பம்பாய், பெங்களூர் வழக்குகளை ஒப்பிட்டனர். பின்னர் உல்ரிக்கே செசான் இலக்கணத்தை விரிவாக ஆராய்ந்து 2000-இல் நூல் வெளியிட்டார். அதில் தமிழ் மாணவர்க்குச் சுவைதரும் பகுதி வினாவைப் பற்றியது. அம்மொழியில் வினாக்குறி ஒன்றே. 'முகம்' என்னும் குறியோடு அது சேரின் 'யார்' ஆகும். 'இடம்' என்பதனோடு சேரின் 'எங்கு' ஆகும். எகர வினா எவன், எங்கு, எப்பொழுது என விரிவதை இது நினைவூட்டும். எனினும் இது தமிழின் படியன்று. 'நீ எங்குச் செல்கிறாய்' என்புழித் தமிழில் வினாச்சொல் வினைக்கு முன் நிற்கும். குறிமொழியில் அது தொடரின் இறுதியில் நிற்கும். சூழப் பேசப்படும் மொழிகளைக் கைக்கு மாற்றியதே குறிமொழி என்பாரை மறுக்க இவ்வொரு சான்று போதும்.

குழவி இதனைக் கற்கும் முறையே எம்மைப் பெரிதும் ஈர்த்தது. செவிப்புலனற்ற பெற்றோரின் குழவிகள் கையால் மழலை பேசுகின்றன என்பதைப் பெட்டிட்டோ, மாரென்டெட் இருவரும் 1991-இல் காட்டினர். அதனினும் வியப்பானது பெட்டிட்டோ 1987-இல் வெளியிட்ட செய்தி. அமெரிக்கக் குறிமொழியில் 'நான்' என்பது தன் நெஞ்சைச் சுட்டுவது. 'நீ' என்பது எதிரிருப்பாரைச் சுட்டுவது. இதனினும் எளிய குறி வேறென்ன? அவர் ஆராய்ந்த குழவி ஓராண்டளவில் ஆட்களைச் சுட்டியது. பின் பல திங்கள் அதனைக் கைவிட்டது. இரண்டாண்டை நெருங்குகையில் மீண்டும் தொடங்கி, தன்னைக் குறிக்க 'நீ' என்றது. பேசும் குழவிகள் சிலவும் இவ்வாறே தடுமாறும். சுட்டு வெறும் சைகையாயின் இத்தடுமாற்றம் நேராது; குழவி அதனைச் சொல்லாகக் கொண்டமையாலேயே நேர்ந்தது.

ஆனால், செவிப்புலனற்ற குழவிகளுட் பெரும்பாலானவை கேட்கும் பெற்றோர்க்கே பிறக்கின்றன. குன்னூர், கோத்தகிரித் தேயிலைத் தோட்டத்து வரிசை வீடொன்றில் பிறக்கும் அத்தகைய குழவிக்குத் தாயின் தமிழும் எட்டாது, அண்டை வீட்டாரின் படுகு மொழியும் எட்டாது. பள்ளி சேரும்வரை குறிமொழி அறிந்தாரைக் காணாதிருத்தலும் கூடும். இழப்பு எத்தகையது என்பதை நியூபோர்ட்டின் 1990 ஆய்வு அளந்தது. பிறப்பு முதல் கற்றோர், நான்கு முதல் ஆறு வயதில் கற்றோர், பன்னிரண்டுக்குப் பின் கற்றோர் ஆகிய மூவகையாரும் முப்பதாண்டுகட்கு மேல் அம்மொழியையே வழங்கியவர்கள். ஆயினும் சொல்லுறுப்புகளைக் கையாளுவதில் பிந்திக் கற்றோர் பின்தங்கினர்.

1880-இல் மிலான் மாநாடு வாய்ப்பேச்சு முறையே சிறந்ததெனத் தீர்மானித்தது. அக்கொள்கை நம் பள்ளிகளிலும் பரவியது. தமிழில் அதன் இடர்ப்பாடு எளிதிற் புலனாகும். 'பாலை', 'மாலை' என்று ஒலியின்றி இதழசைத்துப் பார்ப்பின், காண்பவர்க்கு இரண்டும் ஒன்றே. மூக்கின் முயற்சி கண்ணுக்குத் தெரிவதில்லை. ககரம் வாயினுள்ளேயே பிறந்து மறையும். பெருமுயற்சியால் இதழ் நோக்கி உணரும் சிறுவர் உளர். அவர்தம் ஆற்றலை யாம் குறைத்து மதிப்பிடவில்லை. ஆயினும் மொழி கற்றற்குரிய இளமைப் பருவத்தை இதழ் நோக்குவதிலேயே கழிப்பது பெரும் விலையாகும்.

2015-இல் இந்தியக் குறிமொழி ஆராய்ச்சி, பயிற்சி மையம் தில்லியில் அமைந்தது. 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளர் உரிமைச் சட்டம் குறிமொழியையும் தகவல்தொடர்பு என்பதனுள் அடக்கியது. அகராதியும் வளர்ந்து வருகிறது. தமிழ்த்துறைகள் செய்யத்தக்கது வேறொன்று. குறிமொழி அறியாத வீட்டிலும் குழவி தானே குறிகளைப் படைத்து, அவற்றை ஓர் ஒழுங்கில் அடுக்கும் என்பதைச் சூசன் கோல்டின்-மெடோவின் ஆய்வுகள் காட்டியுள்ளன. கருநாடகத்து அலிப்பூரில் ஒரு சிற்றூரே தனக்கெனக் குறிமொழி வளர்த்துள்ளது. நீலமலைத் தோட்டங்களிலும் படுகர் அட்டிகளிலும் வழங்கும் வீட்டுக் குறிகளை, குடும்பத்தாரின் இசைவு பெற்றுப் படச்சுருளில் பதிய முதுகலை மாணவர் முன்வரலாம். எமனோவிற்குக் குறிப்பேடு போதுமாயிருந்தது. இங்கு அது போதாது. குறிக்குக் கீழே தமிழ்ச்சொல் எழுதுவதிலும் விழிப்பு வேண்டும். 'இடம்', 'வினா' எனக் கை இரண்டு குறி காட்டியபோது, பதிவேட்டில் 'எங்கு' என்று எழுதினால், அது இரு குறிகளின் தொடர் என்பதே மறைந்துவிடும்.