காசநோய் விடுதியில் பிறந்த சிரிப்பு

பிரிட்டிஷ் தொலைக்காட்சி நகைச்சுவையின் போக்கையே மாற்றிய இரண்டு எழுத்தாளர்கள் முதன்முதலாகச் சந்தித்துக்கொண்டது ஒரு காசநோய் விடுதியில். ஆண்டு 1948. இடம், இங்கிலாந்தின் சர்ரே பகுதியில் இருந்த மில்ஃபோர்டு சானடோரியம். ரே கால்ட்டனுக்கும் ஆலன் சிம்சனுக்கும் அப்போது இருபது வயதுகூட நிரம்பவில்லை.

அந்தக் காலத்தில் காசநோய்க்கு ஓய்வுதான் பெரிய மருந்து. நோயாளி அசையாமல் படுத்துக் கிடந்தால் நுரையீரலின் வேலை குறையும், புண் ஆற அவகாசம் கிடைக்கும் என்று மருத்துவர்கள் நம்பினார்கள். சிலருக்கு விலாவுக்கும் நுரையீரலுக்கும் நடுவே ஊசி வழியாகக் காற்றைச் செலுத்தி, ஒரு பக்க நுரையீரலையே சுருங்கவைத்தார்கள். 1943-இல் கண்டறியப்பட்ட ஸ்ட்ரெப்டோமைசின் அப்போதுதான் சோதனைக் கட்டத்தைத் தாண்டி வந்துகொண்டிருந்தது. ஆகவே நோயாளிகள் மாதக்கணக்கில், சிலர் வருடக்கணக்கில் படுத்தே கிடந்தார்கள்.

படுத்துக் கிடப்பவனுக்குக் காதுதான் உலகம். இருவரும் வானொலி நகைச்சுவையை விடாமல் கேட்டார்கள். பிறகு விடுதிக்குள் நடந்த வானொலிக்கே எழுதத் தொடங்கினார்கள். வெளியே வந்ததும் பிபிசிக்கு எழுதிப்போட்டார்கள். 1954-இல் நகைச்சுவை நடிகர் டோனி ஹான்காக்கை நாயகனாக வைத்து ‘ஹான்காக்ஸ் ஹாஃப் ஹவர்’ வானொலியில் தொடங்கியது. 1956-இல் தொலைக்காட்சிக்கும் வந்தது.

அதுவரை நகைச்சுவை நிகழ்ச்சி என்றால் துணுக்குகள், நடுவில் பாட்டு, மறுபடி துணுக்குகள். இவர்கள் பாட்டை எடுத்தார்கள், துணுக்கையும் எடுத்தார்கள். ஓர் ஆள், அவன் வீடு, அவன் அலுப்பு, இவை போதும் என்றார்கள். 1958-இல் வந்த ஒரு வானொலிப் பகுதியில் மழை பெய்யும் ஞாயிறு பிற்பகல், செய்வதற்கு எதுவுமில்லை. பெருமூச்சு, மௌனம், மறுபடி பெருமூச்சு. மௌனத்தைக் கண்டாலே நடுங்கும் வானொலியில் அதையே சிரிப்பாக்கிவிட்டார்கள்! நேரம் நகராமல் கிடப்பது எப்படி இருக்கும் என்று உடம்பால் அறிந்தவர்கள் எழுதியது அது என்றே நான் நினைக்கிறேன்.

எழுதும் முறையும் அப்படித்தான். சிம்சன் தட்டச்சு இயந்திரத்தின் முன் உட்காருவார். இருவருக்கும் சம்மதமாகும்வரை ஒரு வரியும் தாளில் ஏறாது.

1962 ஜனவரியில் இருவரும் எழுதிய ‘தி ஆஃபர்’ என்ற தனி நாடகம் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. லண்டனில் குதிரைவண்டியில் தெருத்தெருவாகப் போய்ப் பழைய சாமான் வாங்கி விற்கும் அப்பாவும் மகனும்தான் பாத்திரங்கள். மகன் ஹாரல்டுக்கு வயது முப்பத்தைந்தைத் தாண்டிவிட்டது. வீட்டை விட்டுப் போய்விடத் தன் தட்டுமுட்டுகளை வண்டியில் ஏற்றுகிறான். அப்பா குதிரையைத் தர மறுக்கிறார். தானே வண்டியை இழுக்கிறான்; நகரவில்லை. முழுப் பலத்தோடு இழுத்தும் நகரவில்லை. உடைந்து அழுகிறான். ஹாரல்டாக நடித்த ஹாரி எச். கார்பெட் மேடை நாடகத்தில் தேறிய நடிகர். அந்த இடத்தில் நிஜமாகவே அழுதார். அப்பா அவனை மெல்ல வீட்டுக்குள் அழைத்துப் போகிறார்.

அன்றைய நகைச்சுவையில் இப்படி ஓர் அழுகையை யாரும் எதிர்பார்க்கவில்லை. சிரிக்கவைப்பவர்களைத் தேடாமல் தேர்ந்த நடிகர்களைத் தேடியதுதான் அவர்களுடைய துணிச்சல். அந்த ஒரு நாடகமே ‘ஸ்டெப்டோ அண்ட் சன்’ தொடராக வளர்ந்து, இடைவெளிகளோடு 1974 வரை ஓடியது. பார்த்தவர்கள் இரண்டு கோடியைத் தாண்டினார்கள். அமெரிக்காவில் அது ‘சான்ஃபோர்டு அண்ட் சன்’ ஆனது.

ஸ்டெப்டோவின் பலத்தைத் தொழிற்கட்சித் தலைவர் ஹாரல்டு வில்சன் நன்றாக உணர்ந்திருந்தார். 1964 அக்டோபர் 15, பொதுத்தேர்தல் நாள். மாலையில் ஸ்டெப்டோ ஒளிபரப்பானால் தன் தொழிற்கட்சிக்கு ஓட்டுப் போட வேண்டிய உழைக்கும் மக்கள் வீட்டைவிட்டு நகரமாட்டார்கள் என்று அஞ்சி, பிபிசி தலைமை இயக்குநரிடம் முறையிட்டார். ஒளிபரப்பு, வாக்குப்பதிவு முடியும் இரவு ஒன்பது மணிக்குத் தள்ளிவைக்கப்பட்டது. தொழிற்கட்சி நான்கே இடப் பெரும்பான்மையில் ஆட்சியைப் பிடித்தது.