பனிக்கு ரீடேக் கிடையாது
உறைபனியில் படமெடுக்கும் ஒளிப்பதிவாளருக்கு பேட்டரி முதல் காலடித்தடம் வரை எல்லாமே சோதனை

அந்தமானின் டாலிகஞ்சில் கம்பளிக்கு வேலையில்லை. ஆண்டு முழுக்கப் புழுக்கம்தான். அந்தத் தீவின் செல்லுலார் சிறைக் கைதிகளின் கதையைச் சொன்ன சிறைச்சாலை (மலையாளத்தில் காலாபானி, 1996) படத்துக்காகத் தேசிய விருது பெற்றவர் ஒளிப்பதிவாளர் சந்தோஷ் சிவன். நேரெதிரான குளிரும் அவருக்குப் பழக்கம்தான். 1992-ல் வெளியான ரோஜாவில், தீவிரவாதம் காரணமாகக் காஷ்மீருக்குப் போக முடியாத நிலையில், மணாலியின் பனி காஷ்மீராக வேஷம் கட்டியது. 1998-ல் உயிரே (இந்தியில் தில் சே) அவரை லடாக் மலைகளுக்குக் கொண்டுபோனது; இன்னொரு தேசிய விருதும் கிடைத்தது. 2008-ல் தஹானை அவரே இயக்கி, காஷ்மீரிலேயே படம்பிடித்தார். 2024-ல் கேன்ஸ் விழாவில் பியர் ஆஞ்சனியூ கௌரவம் பெற்ற முதல் ஆசியரும் அவரே.

திரையில் பனி குளுகுளுவென்று இருக்கும். எடுப்பவருக்கு அது தலைவலி. லைட் மீட்டருக்கு வெள்ளை தெரியாது. எதைக் கண்டாலும் நடுத்தரச் சாம்பல் என்றே கணக்குப் போடும். அதை நம்பினால் பனி அழுக்கு வேட்டி போலப் பதிவாகும். ஒன்று அல்லது ஒன்றரை ஸ்டாப் கூடுதலாகத் திறக்க வேண்டும். கொஞ்சம் மிஞ்சினாலோ மேடுபள்ளம் எல்லாம் அழிந்து வெறும் வெள்ளைத் தாளாகிவிடும்.

அடுத்த பிரச்னை கருவிகள். குளிரில் பேட்டரி சீக்கிரம் சோர்ந்துவிடும். உதவியாளர்கள் அதைக் கோட்டுக்குள் உடம்போடு வைத்துக் காப்பாற்றுகிறார்கள். எண்ணெய்ப் பசை இறுகி கேமராவின் மோட்டார் திணறும். ஃபிலிம் காலத்தில் சிக்கல் இன்னும் அதிகம். உறைந்த ஃபிலிம் அப்பளம் போல உடையும். வறண்ட காற்றில் அது ஓடும்போது மின்பொறி எழுந்து, நெகடிவில் மின்னல் கீற்றுகள் விழும். அது தெரியவருவது ஊர் திரும்பி லேபில் கழுவிய பிறகுதான். அதற்குள் பனி உருகியிருக்கும், நடிகரின் கால்ஷீட்டும் முடிந்திருக்கும்.

டிஜிட்டல் கேமரா அந்தப் பயத்தைப் போக்கிவிட்டது. ஆனால் குளிர் போகவில்லை. 2023-ன் தொடக்கத்தில் காஷ்மீரில் நடந்த லியோ படப்பிடிப்பில் ஒளிப்பதிவாளர் மனோஜ் பரமஹம்சாவும் சென்னையிலிருந்து போன பெரிய குழுவும் அதை அனுபவித்தார்கள். தொழிலாளர்கள் பட்ட பாட்டைக் காட்டத் தயாரிப்பாளர்கள் தனியே ஒரு வீடியோவையே வெளியிட்டார்கள்.

ஃபோகஸ் திருப்பும் உதவியாளருக்குத்தான் இக்கட்டு. தடித்த கையுறை போட்டால் வளையம் பிடிபடாது; கழற்றினால் விரல் மரத்துவிடும். உலோகத்தைத் தொடுவதே ஆபத்து. 1910-ல் ஸ்காட் குழுவுடன் அண்டார்டிகா சென்ற ஹெர்பர்ட் பான்டிங்கின் நாக்கே கேமராவில் ஒட்டிக்கொண்டது. வேலை முடிந்த பிறகும் நிம்மதியில்லை. அந்தமானில் ஏசி அறையை விட்டு வெளியே வரும் லென்ஸ் வியர்க்கும். மலையில் கதகதப்பான அறைக்குள் நுழையும் லென்ஸ் வியர்க்கும். அதனால்தான் உள்ளே போகுமுன் கேமராவை பிளாஸ்டிக் பைக்குள் கட்டிவைக்கிறார்கள்.

எல்லாவற்றையும் சமாளித்தாலும் ஒன்று மிச்சமிருக்கிறது. புதுப் பனிமேல் கதாநாயகி ஒருமுறை ஓடிவிட்டால் தடம் விழுந்துவிடும். ஷாட் சரியில்லை என்றால் யூனிட் மொத்தமும் மூட்டைகட்டி, யாரும் மிதிக்காத அடுத்த சரிவைத் தேடிப்போக வேண்டியதுதான்.