டல்லாசில் இடித்த மண்டபம்

வேலை கேட்டுப் போனால் கதவு சாத்தியிருக்கும். வங்கியிலே போட்ட காசைக் கேட்டுப் போனால் வங்கியே சாத்தியிருக்கும்! 1929-இல் நியூயார்க் பங்குச் சந்தை சரிந்த பிறகு அமெரிக்கப் பாட்டாளி கண்ட வாழ்வு அது. 1933-இல் அந்நாட்டுத் தொழிலாளரில் ஏறத்தாழ நால்வருக்கு ஒருவர் வேலையற்றவர். அந்த இருள் முற்றும் விலகாத 1936-இல், டெக்சாஸ் மாநிலம் இரண்டரைக் கோடி டாலர் செலவில் ஒரு விழா எடுத்தது. நூற்றாண்டு விழா! மெக்சிகோவின் பிடியிலிருந்து விடுபட்டுத் தனி நாடு என்று 1836 மார்ச் 2-ஆம் நாள் முழங்கினார்களே, அதன் நினைவாக.

பசித்தவன் வீட்டிலே பந்தலா என்று கேட்பீர்கள், தோழர்களே! கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். ஓராண்டுக்குள் ஏறத்தாழ ஐம்பது கட்டடங்கள் எழும்பியபோது கொத்தனுக்கும் தச்சனுக்கும் சுமை தூக்குபவனுக்கும் கூலி கிடைத்தது. மாநில அரசு 30 இலட்சம், மத்திய அரசு 30 இலட்சம் டாலர் கொடுத்தன. வேலையில்லாத காலத்தில் அரசுப் பணம் வேலையாக மாறுவதை நாம் குறை கூற மாட்டோம்.

விழா எந்த ஊரில் நடந்தது தெரியுமா? ஆலமோ கோட்டையிலே போராடி மாண்டார்களே, அந்தக் கோட்டை இருப்பது சான் அன்டோனியோவில். மெக்சிகோப் படை முறியடிக்கப்பட்ட சான் ஹசிந்தோ களம் இருப்பது ஹூஸ்டனுக்கு அருகில். விழாவோ டல்லாசில்! 1836-இல் டல்லாஸ் என்று ஓர் ஊரே கிடையாது. ஜான் நீலி பிரையன் என்பவர் அங்கே வந்து குடில் போட்டதே 1841-இல்தான். பின் எப்படிக் கிடைத்தது? தார்ன்டன், ஃப்ளாரன்ஸ், ஆடம்ஸ் என்ற மூன்று வங்கிப் பெருமக்கள் கூடினார்கள், நிலமும் பணமுமாக ஏறத்தாழ 78 இலட்சம் டாலர் மதிப்புக்கு ஏலம் கேட்பது போல் கேட்டார்கள், வென்றார்கள். வரலாறு ஒரு பக்கம், பணப்பெட்டி மறுபக்கம். தேர் எந்தப் பக்கம் போயிற்று பார்த்தீர்களா!

ஜூன் 6-இல் திறந்து நவம்பர் 29-இல் மூடிய அந்தக் கண்காட்சிக்கு 63 இலட்சத்துக்கு மேற்பட்டோர் வந்தனர். குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டும் வந்தார். பக்கத்து ஊரான ஃபோர்ட் வொர்த் பொறாமையால் போட்டி விழா நடத்தி, ஆடை குறைத்து ஆடும் நங்கையரைக் காட்டிக் கூட்டம் சேர்த்தது தனிக் கதை. அதை விடுவோம்.

விடுதலை விழா என்றார்களே, யாருக்கு விடுதலை?

மெக்சிகோ 1829-இலேயே அடிமை முறையை ஒழித்தது. அதனிடமிருந்து பிரிந்த டெக்சாஸ் 1836-இல் எழுதிய அரசியல் சட்டத்தைப் படியுங்கள்: அடிமைகளை விடுவிக்கும் சட்டம் இயற்றச் சட்டமன்றத்துக்கு அதிகாரம் கிடையாது, சட்டமன்றத்தின் இசைவு இல்லாமல் விடுதலை பெற்ற கறுப்பர் அந்த மண்ணில் நிரந்தரமாகக் குடியிருக்கவும் முடியாது! வெள்ளையர் சுதந்திரம் கொண்டாடிய அந்த நாள், கறுப்பரின் விலங்குக்குப் பூட்டுப் போட்ட நாள்.

அந்தக் கறுப்பரின் பேரர்கள் 1936-இல், “எங்கள் உழைப்பையும் காட்ட எங்களுக்கும் ஓர் இடம் கொடுங்கள்” என்று கேட்டார்கள். பருத்திக் காட்டிலே முதுகு வளைத்தவர்கள் கேட்டது நியாயம்தானே? மாநிலம் கையை விரித்தது. நகரமும் கையை விரித்தது. மேசியோ ஸ்மித் போன்ற கறுப்பினத் தலைவர்கள் விடாமல் முயன்றதால் மத்திய அரசு ஓர் இலட்சம் டாலர் கொடுத்தது. அதே வளாகத்தில் மாநிலத்தின் பெருமை பாடும் ஒரே மாளிகைக்கு மட்டும் பன்னிரண்டு இலட்சம்!

நீக்ரோ வாழ்வு மண்டபம் என்ற பெயரில் அது ஜூன் 19-இல் திறக்கப்பட்டது. நாள் பொறுக்கியதில் பொருள் உண்டு. 1865-இல் அதே நாளில்தான் கால்வெஸ்டன் துறைமுகத்தில் படைத்தளபதி கிரேஞ்சர், டெக்சாஸ் அடிமைகள் விடுதலை பெற்றவர்கள் என்று அறிவித்தார். லிங்கனின் பிரகடனம் வந்து இரண்டரை ஆண்டு கழிந்த பிறகு! மண்டபத்துக்கென்று ஆரன் டக்ளஸ் நான்கு பெரும் ஓவியங்கள் தீட்டினார். அறிஞர் டு பாய்ஸ் ஒரு சிறு நூல் எழுதினார். நான்கு இலட்சத்துக்கு மேற்பட்டோர் வந்து பார்த்தனர். அவர்களில் பாதிக்கு மேல் வெள்ளையர். கண்டவர்கள் வியந்தார்கள். வியப்பு ஆபத்தாயிற்று போலும்!

1937-இல் வேறு பெயரில் மீண்டும் கண்காட்சி வைத்தார்கள். அதற்கு முன்பே அந்த மண்டபத்தை இடித்துத் தள்ளிவிட்டார்கள். மற்ற மாளிகைகள் பல இன்றும் நிற்கின்றன. 1986-இல் அந்த வளாகம் தேசிய வரலாற்றுச் சின்னம் என்ற தகுதியும் பெற்றது. அதே வளாகத்து ஆண்டுச் சந்தையில் கறுப்பருக்கென்று தனி நாள் ஒதுக்கும் இழிவை எதிர்த்து, 1955-இல் ஜுவானிட்டா கிராஃப்ட் அம்மையார் இளைஞர்களைத் திரட்டி வாயிலில் மறியல் செய்ய வேண்டியிருந்தது. கறுப்பர் வரலாற்றுக்கென ஓர் அருங்காட்சியகம் அங்கே எழுந்தது 1993-இல். ஜூன் 19-ஐ அமெரிக்கா நாடு முழுதுக்கும் விடுமுறை நாளாக்கியது 2021-இல்.

டக்ளஸ் தீட்டிய நான்கில் இரண்டு மிஞ்சின. ஒன்று வாஷிங்டனில், மற்றொன்று சான் பிரான்சிஸ்கோவில். இரண்டாவது ஓவியத்தில் அடியிலிருந்து விலங்கிட்ட கைகள் மேலே எழும்புகின்றன. அவற்றுக்கு மேலே கறுப்பின மக்கள் மூவர், குன்றின் மீது தெரியும் தொழிற்சாலைகளையும் கோபுரங்களையும் நோக்கியபடி இருக்கிறார்கள்.